கல்யாணச் சமையல் ஆட்களுக்கு அன்பளிப்பு: எவ்வளவு, யார் கையில்?

அமைப்பாளர் அம்மா (பாளையங்கோட்டை) கேட்கிறார்:

வணக்கம். என் இளைய மகளுக்கு ஆவணியில் கல்யாணம். இன்னும் பதினெட்டு நாள் இருக்கிறது. மண்டபம், மேளம், பூ, புகைப்படம் எல்லாம் பேசி முடித்தாயிற்று. ஒரே ஒரு விஷயத்தில் மட்டும் மனம் அடங்கவில்லை. சமையலுக்கு வருகிறவர்களுக்குப் பேசிய தொகை போக அன்பளிப்பாக எவ்வளவு கொடுப்பது? அதை யார் கையில் கொடுப்பது?

கணக்கை முதலில் சொல்லிவிடுகிறேன். மாப்பிள்ளை அழைப்பு அன்று இரவு ஆப்பம், தேங்காய்ப்பால், இட்லி, கோதுமை அல்வா. 350 இலை, இலைக்கு 130 ரூபாய். முகூர்த்தத்தன்று காலைப் பலகாரம் 300 இலை, இலைக்கு 110. மதியச் சாப்பாடு 650 இலை. அதற்குச் சமையல் மாஸ்டர் 230 கேட்டார், பேசிப் பேசி 220 ஆக்கினேன். மொத்தம் 2,21,500 ரூபாய். மளிகை, காய்கறி, எரிவாயு, வாழை இலை, வண்டி வாடகை, ஆள்கூலி எல்லாம் மாஸ்டர் பொறுப்பு. ஒரு லட்சம் முன்பணம் கொடுத்துவிட்டேன். மறுவீட்டு விருந்துக்கான சொதியை (தேங்காய்ப்பால் குழம்பு) மட்டும் வீட்டிலேயே நாங்கள் வைத்துக்கொள்கிறோம்.

எத்தனை பேர் வருவார்கள் என்று மாஸ்டரிடம் கேட்டு எழுதி வைத்திருக்கிறேன். அடுப்பில் நான்கு பேர், பலகாரம் போட ஒருவர், உதவிக்கு மூன்று பேர், காய் நறுக்க நான்கு பெண்கள், பரிமாறப் பதினான்கு பேர், இலை எடுக்க இரண்டு பேர், பாத்திரம் கழுவ மூன்று பெண்கள். மாஸ்டரையும் சேர்த்து 32 பேர்.

வீட்டில் ஆளுக்கு ஒன்று சொல்கிறார்கள். என் கொழுந்தனார் சென்னையில் இருக்கிறார். பில் தொகையில் பத்து சதவீதம் கொடுப்பதுதான் முறை என்கிறார். அதாவது 22,150 ரூபாய். என் அக்கா, "இலைக்கு இவ்வளவு என்று கொடுத்த பிறகு எதற்கு இனாம்? பழக்கிவிடாதே" என்கிறாள். சம்பந்தி வீட்டில் மாஸ்டர் கையில் 5,000 கொடுத்தால் போதும் என்றும், அதில் பாதியைத் தாங்கள் தருவதாகவும் சொன்னார்கள். நல்ல மனிதர்கள்.

எனக்கு இந்த விஷயம் ஏன் இப்படி மனதில் கிடக்கிறது என்றால், இரண்டு ஆண்டுக்கு முன் மூத்தவன் கல்யாணத்தில் நடந்தது ஒன்று. அப்போது சமையல் எடுத்தவர் வேறொருவர். மதியம் மூன்றரை மணிக்குப் பாக்கித் தொகையோடு 10,000 ரூபாயைத் தனியாக எண்ணி, "இது உங்கள் ஆட்களுக்கு" என்று சொல்லி அவரிடம் கொடுத்தேன். கும்பிட்டு வாங்கிக்கொண்டார். ஐந்து மணிக்கு மண்டபத்துப் பாத்திரக் கணக்குப் பார்க்கப் பின்பக்கம் போனேன். குழாயடியில் இரண்டு பெண்கள் அண்டாவைச் சாய்த்து வைத்து, பாதி உடம்பை அதற்குள் நுழைத்துத் தேய்த்துக்கொண்டிருந்தார்கள். மூத்தவர் என்னைக் கண்டதும் சொருகியிருந்த சேலையை இறக்கிவிட்டு, "அக்கா, மிச்சச் சோறு கொஞ்சம் எடுத்துக்கொள்ளட்டுமா?" என்று கேட்டார். "அன்பளிப்பு வந்ததா?" என்று கேட்டேன். அவருக்கு நான் கேட்டதே புரியவில்லை. "கூலி 450, சனிக்கிழமை தருவார்" என்றார். கைப்பையில் அப்போது 300 ரூபாய் இருந்தது. ஆளுக்கு நூற்றைம்பது கொடுத்துவிட்டு வந்தேன். அன்று இரவு எனக்குத் தூக்கம் வரவில்லை.

நான் 27 ஆண்டு சத்துணவு அமைப்பாளராக இருந்தவள். எம்.ஜி.ஆர். 1982-ல் தொடங்கிய திட்டத்தில் 1993-ல் சேர்ந்தேன். தினமும் 180 பிள்ளைகளுக்குச் சோறு. எங்கள் மையத்தில் சமையல் உதவியாளராக இருந்த அம்மாவின் விரல் இடுக்குகள் வருடம் முழுவதும் வெடித்தே இருக்கும். சாம்பார் நன்றாக இருந்தால் தலைமையாசிரியர் என்னைப் பாராட்டுவார், நான் சமையலரைப் பாராட்டுவேன். அந்த அம்மாவிடம் பாராட்டாக ஒரு சொல் சொன்னவர் யாரும் இல்லை, நான் உட்பட. ஒரு சமையலறையில் கடைசியாக வீட்டுக்குப் போகிறவர் யார் என்று தெரிந்தவள் நான். தெரிந்தும் மூத்தவன் கல்யாணத்தில் தவறிவிட்டேன். இந்த முறை தவறக் கூடாது. அனுபவம் உள்ளவர்கள் சொல்லுங்கள்.


அடுப்படிக்காரன் (மதுரை) பதில்:

அம்மா, நான் 22 ஆண்டாகக் கல்யாணச் சமையல் காண்ட்ராக்ட் எடுக்கிறவன். உங்கள் கேள்வி எங்களைச் சுடுகிறது. ஆனாலும் நேராகவே சொல்கிறேன்.

மாஸ்டர் கையில் மொத்தமாகக் கொடுக்கும் பணம் எல்லோருக்கும் போகாது. அதற்கு அவர் கெட்டவராக இருக்க வேண்டும் என்பதில்லை. பரிமாற வரும் பையன்கள் பெரும்பாலும் எங்கள் ஆட்களே அல்லர். ஆள் அனுப்புவதற்கென்றே ஒருவர் இருப்பார். நாங்கள் அவருக்குத் தலைக்கு இவ்வளவு என்று கொடுப்போம், அவர் தன் பங்கை எடுத்துக்கொண்டு பையன்களுக்குக் கொடுப்பார். வேனில் வந்து இறங்குகிற பையன்களில் பாதிப் பேரின் பெயர்கூட எனக்குத் தெரியாது. "உங்கள் ஆட்களுக்கு" என்று நீங்கள் கொடுத்தால், என் ஆட்கள் என்று நான் நினைப்பது என்னோடு அடுப்படியில் நிற்கும் ஏழெட்டுப் பேரை மட்டும்தான். பாத்திரம் கழுவும் பெண்களையும் அந்த ஊரிலேயே ஒரு அம்மா மூலம் சொல்லிவிடுவோம்.

அடுத்தது நேரம். இதைத்தான் எல்லா வீட்டாரும் தவறவிடுகிறார்கள். காய் நறுக்கும் பெண்கள் முதல் நாள் மதியமே வந்து பூசணி, வாழைக்காய், சேனை என்று மலைபோல் குவித்துவிட்டு இரவு ஒன்பது மணிக்குப் போய்விடுவார்கள். முகூர்த்த நாளில் அவர்களைப் பார்க்கவே முடியாது. பலகார மாஸ்டரும் அப்படித்தான், தன் வேலை முடிந்ததும் அடுத்த ஊருக்குக் கிளம்பிவிடுவார். பரிமாறுகிறவர்கள் மதியம் இரண்டரைக்கெல்லாம் வேனில் ஏறி மாலை வரவேற்புக்கு வேறு மண்டபம் போவார்கள். மூன்றரை மணிக்கு நீங்கள் பணத்தோடு வரும்போது அங்கே நிற்பது நானும் கழுவுகிற பெண்களும் மட்டும்தான். ஆகவே இரண்டு தடவையாகக் கொடுங்கள். முதல் நாள் இரவு பலகாரப் பந்தி முடிந்ததும் ஒரு தடவை, மறுநாள் கடைசிப் பந்திக்கு முன்னால் ஒரு தடவை.

எவ்வளவு என்றால், சதவீதத்தை விட்டுவிடுங்கள். அது ஓட்டல் பில்லுக்குச் சரி. பாயசத்தை ஒன்றிலிருந்து இரண்டாக்கினால் பில் ஏறும், பரிமாறுகிறவருக்கு ஒரு வாளி ஏறும், கழுவுகிற பெண்ணுக்கு ஒரு உருளி ஏறும். சதவீதத்துக்கு இதெல்லாம் தெரியாது. தலை எண்ணிக் கொடுங்கள். ஐம்பது ரூபாய் கொடுத்தால் டீக்கும் வடைக்கும் போய்விடும். கூலியில் மூன்றில் ஒரு பங்குக்குக் குறையாமல் இருந்தால்தான் வீட்டுக்குப் போய்ச் சேரும். எங்கள் பக்கம் மனமுள்ளவர்கள் பரிமாறுகிறவருக்கு 200, அடுப்பில் நிற்கிறவருக்கு 500 கொடுக்கிறார்கள்.

இன்னொன்று, மன்னித்துக்கொள்ளுங்கள். 230-ஐ 220 ஆக்கினேன் என்று எழுதியிருக்கிறீர்கள். 650 இலைக்கு அது 6,500 ரூபாய். அரிசியிலும் பருப்பிலும் குறைத்தால் முதல் பந்தியிலேயே பெயர் கெட்டுவிடும் என்பதால் எந்தக் காண்ட்ராக்டரும் சரக்கில் கை வைக்க மாட்டார். ஆளில்தான் வைப்பார். இரவு, காலை, மதியம் என்று மூன்று வேளைப் பாத்திரத்துக்கும் சேர்த்து மூன்றே பெண்கள் என்று உங்கள் பட்டியலில் பார்த்ததும் எனக்கு விளங்கிவிட்டது. நானாக இருந்தால் ஐந்து பேரைச் சொல்லியிருப்பேன்.


ரசவாளி (ஓசூர்) பதில்:

அம்மா, கல்லூரியில் படித்த மூன்று ஆண்டும் நான் சனி, ஞாயிறு, முகூர்த்த நாள் எல்லாம் பந்தி பரிமாறப் போனவன். சொந்த ஊர் சங்கரன்கோவில் பக்கம், படித்தது திருநெல்வேலியில். பேட்டை, ஜங்ஷன், பெருமாள்புரம் என்று நான் ரசம் ஊற்றாத மண்டபம் அங்கே குறைவு. ரச வாளி எப்போதும் புதிதாக வரும் பையனுக்குத்தான். கொதிக்கக் கொதிக்க வாளியில் ஊற்றிக் கொடுத்துவிடுவார்கள், பந்தியில் குனிந்து நிமிரும்போது முட்டிக்குக் கீழே படும். இரண்டாம் ஆண்டில்தான் எனக்கு அப்பளக் கூடை கிடைத்தது. அன்று எனக்கு இருந்த நிம்மதி இன்னும் நினைவிருக்கிறது.

ஒரு விஷயத்தைக் கவனத்தில் வையுங்கள். விருந்தாளிகளிடமோ வீட்டாரிடமோ காசு வாங்கக் கூடாது என்று எங்களை வேனில் ஏற்றும்போதே சொல்லிவிடுவார்கள். ஒரு கல்யாணத்தில் பெண்ணின் தாத்தா என் சட்டைப் பையில் நூறு ரூபாயை மடித்து வைத்தார். நான் கேட்கவில்லை. அதை மேற்பார்வையாளர் பார்த்துவிட்டார். நான் கை நீட்டினேன் என்று சொல்லி அடுத்த இரண்டு வாரம் என்னைக் கூப்பிடவில்லை. அந்த இரண்டு வாரமும் விடுதிச் சாப்பாட்டுக் கட்டணத்துக்கு நண்பனிடம் கடன் வாங்கினேன். தாத்தா நல்ல மனதோடுதான் கொடுத்தார்.

ஆகவே மறைவாகக் கொடுக்காதீர்கள். மாஸ்டரிடமும் பரிமாற ஆள் அனுப்பியவரிடமும் முன்கூட்டியே, "நான் ஒவ்வொருவர் கையிலும் கொடுக்கப் போகிறேன், உங்களுக்குச் சம்மதம்தானே?" என்று கேட்டுவிடுங்கள். அவர்கள் பார்க்க, எல்லோருக்கும் ஒரே மாதிரி கொடுங்கள். கவரில் வைத்துக் கொடுத்தால் நல்லது. எங்களுக்குக் கொடுத்த சீருடைக் கால்சட்டையில் பை கிழிந்திருக்கும், சில்லறை நோட்டாகக் கொடுத்தால் வைக்க இடம் இருக்காது.


இரண்டு கல்யாணம் முடித்தவன் (கோயமுத்தூர்) பதில்:

நான் மாற்றுக் கருத்தைச் சொல்கிறேன், கோபித்துக்கொள்ளாதீர்கள். அன்பளிப்பே வேண்டாம் என்பது என் கட்சி.

இரண்டு மகள்களுக்குக் கல்யாணம் செய்தேன். மண்டபக் காவலாளி, அறைப் பையன், மின்சாரக்காரர், பந்தல்காரர், பூக்காரர், ஜெனரேட்டர் போட்டவர் என்று ஒவ்வொருவராக வந்து நின்றார்கள். யாருக்கு எவ்வளவு என்று தெரியாமல் கையில் இருந்ததை எல்லாம் கொடுத்தேன். ஒரு தகப்பன் தாலி கட்டும் நேரத்தில் மேடையைப் பார்ப்பானா, சட்டைப் பையைப் பார்ப்பானா? சொந்தத்தில் வசதி குறைந்த ஒருவர் இதற்கென்றே தனியாக வட்டிக்குப் பணம் வாங்கியதைப் பார்த்தேன். கூலி என்பது வேலை கொடுத்தவர் நேராகவும் நிறைவாகவும் தர வேண்டியது. அதை அவர் குறைத்துக்கொள்ள, மீதியைக் கல்யாண வீட்டுக்காரர் இனாமாக நிரப்புவது நியாயமா? இலைக்குப் பத்து ரூபாய் குறைத்துப் பேசிவிட்டு அதே பணத்தைக் கடைசியில் அன்பளிப்பாகக் கொடுப்பதைவிட, முதலிலேயே பத்து ரூபாயைக் கொடுத்து, "ஆட்களைக் குறைக்காதீர்கள், கூலியை அன்றே கொடுங்கள்" என்று கேட்பது மேல்.

இரண்டு காரியம் மட்டும் செய்யுங்கள். பாக்கித் தொகையை அன்று மாலையே தீர்த்துவிடுங்கள். "மொய் எண்ணிவிட்டுத் தருகிறேன், புதன்கிழமை வாருங்கள்" என்று அலைக்கழிக்கிற வீடுகள்தான் அதிகம். அப்படி இழுத்தால் உங்கள் குழாயடிப் பெண்ணின் 450 ரூபாயும் சேர்ந்து இழுபடும். இரண்டாவது, அவர்கள் சாப்பாடு. அதிகாலை இரண்டு மணிக்கு அடுப்புப் பற்ற வைத்தவர்கள் மாலை நான்கு மணிக்கு, அவியல் தீர்ந்து பாயசம் தீர்ந்து, வெறும் சோறும் ரசமும் சாப்பிடுவார்கள். அவர்களுக்கென்று ஒரு பந்தி போடுங்கள்.


அமைப்பாளர் அம்மா:

எல்லோருக்கும் நன்றி. அண்ணாச்சி, கோபம் ஒன்றும் இல்லை. நீங்களும் மதுரைத் தம்பியும் சொன்ன அந்தப் பத்து ரூபாய் என்னைக் குத்திவிட்டது. காய்கறிக் கடையில் பேசுவதுபோலப் பேசினேன். அந்தப் பத்து ரூபாய் யார் முதுகில் போய் இறங்கும் என்று யோசிக்கவே இல்லை. சத்துணவில் ஒரு உதவியாளர் விடுப்பில் போனால் மற்றவர் படும் பாட்டை 27 ஆண்டு பார்த்தவள் நான்.

நேற்று மாஸ்டரைத் தொலைபேசியில் அழைத்தேன். மதியச் சாப்பாட்டுக்கு 230-ஆகவே தருகிறேன், கழுவுவதற்கு இன்னும் இரண்டு பெண்களைச் சேர்த்து ஐந்து பேராக்குங்கள் என்றேன். சற்று நேரம் பேசாமல் இருந்துவிட்டு, "சரி அக்கா, ஐந்து பேர்" என்றார். ஒவ்வொருவர் கையிலும் கொடுக்கச் சம்மதமா என்றும் கேட்டேன். "செய்யுங்கள்" என்றார். குரலில் ஒரு சுணக்கம் இருந்ததுபோல எனக்குப் பட்டது. அவரை நம்பவில்லை என்று நினைத்துவிட்டாரோ? அவர் மனமும் நோகக் கூடாதே.

அன்பளிப்பே வேண்டாம் என்பதை மட்டும் என்னால் ஏற்க முடியவில்லை. கூலி அவர் தர வேண்டியது, சரிதான். என் மகள் கல்யாணத்துக்கு உழைத்தவர்களுக்கு என் கையால் ஒன்று கொடுக்க வேண்டும் என்பது என் ஆசை. அது கூலிக் கணக்கில் சேராது.


தவசிப்பிள்ளை மகள் (நாகர்கோவில்) பதில்:

அக்கா, என் அப்பா நாஞ்சில் நாட்டில் நாற்பது ஆண்டு கல்யாணச் சமையல் செய்தவர். அந்தச் சுணக்கம் ஏன் என்று எனக்குத் தெரியும்.

ஆக்குப்புரையில் தலைமைச் சமையல்காரர் சொல்வதுதான் சட்டம். உப்புப் போட வேண்டுமா, அடுப்பைத் தணிக்க வேண்டுமா என்று எல்லோரும் அவர் முகத்தைப் பார்த்துத்தான் செய்வார்கள். அந்த இடத்தில் வீட்டுக்காரர் நேராக வந்து அவருடைய ஆட்களுக்குப் பணம் கொடுத்தால், அவர் பிள்ளைகளுக்கு அடுத்த வீட்டார் சோறு போடுவதுபோல ஆகிவிடும். அதே சமயம் பிள்ளைகளுக்குக் கிடைப்பதில் அவருக்கு மகிழ்ச்சிதான். என் அப்பாவுக்கு இரண்டும் இருந்தது.

இதற்கு எங்கள் பக்கம் ஒரு வழி உண்டு. முதல் நாள் அடுப்புப் பற்ற வைக்கும்போது மஞ்சள் பிள்ளையார் பிடித்து, சூடம் காட்டுவார்கள் அல்லவா? அப்போதே நீங்கள் தாம்பாளத்தில் வெற்றிலை, பாக்கு, பழம், தேங்காய், வேட்டி, துண்டு வைத்து அவருக்குக் கொடுத்துவிடுங்கள். முதல் மரியாதை அவருக்கு என்று எல்லோருக்கும் தெரிந்துவிடும். ஆட்களுக்குக் கொடுக்கும்போது அவரைப் பக்கத்தில் நிறுத்திக்கொள்ளுங்கள். ஒவ்வொருவரையும் அவரே பெயர் சொல்லிக் கூப்பிடட்டும், நீங்கள் கொடுங்கள். அவருக்கான பணத்தைக் கடைசியில், ஆட்கள் போன பிறகு, வெற்றிலைக்கு மேல் வைத்துக் கொடுங்கள். ஒற்றை ரூபாய் சேர்த்து வையுங்கள். என் அப்பா வெறுங்கையில் நீட்டிய பணத்தை வாங்கியதே இல்லை. வெற்றிலையோடு வந்தால் பதினோரு ரூபாயையும் கண்ணில் ஒற்றிக்கொள்வார்.

அப்பாவுக்கு வந்த வேட்டிகள் இன்னும் ஒரு டிரங்குப் பெட்டி நிறைய இருக்கின்றன. எந்த வேட்டி எந்த வீட்டுக் கல்யாணத்தில் வந்தது, அன்று எத்தனை வகைப் பிரதமன் வைத்தார் என்று கடைசி வரை சொல்லிக்கொண்டிருந்தார்.


அமைப்பாளர் அம்மா (கல்யாணம் முடிந்த ஐந்தாம் நாள்):

கல்யாணம் நல்லபடியாக நடந்தது. நடந்ததைச் சொல்லத்தான் வந்தேன்.

நாகர்கோவில் தங்கை சொன்னபடியே முதல் நாள் அடுப்புப் பற்ற வைக்கும் முன் மாஸ்டருக்குத் தாம்பாளம் கொடுத்தேன். அவர் கைலியோடு நின்றுகொண்டிருந்தார். தாம்பாளத்தைப் பார்த்ததும், "இருங்கள் அக்கா" என்று சொல்லிவிட்டுப் போய்க் கைகால் கழுவி, வேட்டி மாற்றிக்கொண்டு வந்து வாங்கினார். அதன் பிறகு சுணக்கம் ஒன்றும் இல்லை. யாருக்குக் கொடுக்க வேண்டும் என்று அவரே ஆள் அனுப்பிச் சொன்னார்.

வங்கியில் வாங்கி வைத்த புது நோட்டுகளை மகளும் நானும் முந்தின வாரமே கவரில் போட்டு, ஓரத்தில் மஞ்சள் தடவி வைத்திருந்தோம். காய் நறுக்கிய நால்வருக்கும் 300 வீதம் முதல் நாள் இரவே கொடுத்தாயிற்று. மறுநாள் பரிமாறிய பதினான்கு பேருக்கு 200 வீதம், அடுப்பில் நின்ற நால்வருக்கு 500 வீதம், உதவிக்கு இருந்த மூவருக்கு 300 வீதம், இலை எடுத்த இருவருக்கு 400 வீதம், பாத்திரம் கழுவிய ஐவருக்கு 500 வீதம், மாஸ்டருக்கு 2,001. பலகாரம் போட்டவருக்கு 500. எல்லாம் சேர்த்து 34 பேருக்கு 12,701 ரூபாய். மதியம் 684 இலை விழுந்தது. பில் 2,35,820 ஆயிற்று. கொழுந்தனாருக்காகக் கணக்குப் போட்டுப் பார்த்தேன், நூற்றுக்கு ஐந்தரைக்குக் கொஞ்சம் குறைவு. சம்பந்தி வீட்டார் பாதி தருவதாகச் சொன்னதை, மேளக்காரர்களைப் பார்த்துக்கொள்ளுங்கள் என்று மாற்றிவிட்டேன்.

பாத்திரம் கழுவுகிறவருக்கும் அடுப்பில் நிற்கிறவருக்கும் ஒரே தொகையா என்று என் அக்கா அங்கேயே கேட்டாள். ஆமாம் என்றேன். அவியலை ருசித்து எல்லோரும் மாஸ்டரைத் தேடிப் போய்ப் பாராட்டினார்கள். குழாயடிக்கு யாரும் போகவில்லை. பாராட்டு கிடைக்காத வேலைக்குப் பணமாவது சமமாகக் கிடைக்கட்டும். இதில் எனக்கு இரண்டாம் யோசனை இல்லை. ஐந்து பேர் இருந்ததால் நான்கு மணிக்கே பாத்திரம் முழுவதும் கவிழ்த்தாயிற்று.

ரசவாளித் தம்பி, பரிமாற ஆள் அனுப்பியவரிடம் முன்பே பேசிவிட்டேன். கடைசிப் பந்திக்கு முன் வாசல் பக்கம் வரிசையாக நிற்க வைத்து அவர் எதிரிலேயே கொடுத்தேன். ரச வாளி வைத்திருந்த பையன் யார் என்று கேட்டேன். களக்காட்டுப் பையன், பாலிடெக்னிக் படிக்கிறான். கணுக்காலில் சிவந்திருந்தது. மண்டப அலுவலகத்தில் களிம்பு வாங்கிக் கொடுத்தேன். உங்களைப் பற்றிச் சொன்னேன், ஓசூரில் வேலைக்குப் போய்விட்டார் என்று. "அப்பளக் கூடை எப்போது கொடுத்தார்கள்?" என்று கேட்டான்.

கோவை அண்ணாச்சி சொன்ன பந்திதான் நான் நினைத்தபடி முழுவதுமாக அமையவில்லை. காலையிலேயே அவியல், எரிசேரி, பாயசம் மூன்றையும் தனித்தனித் தூக்கில் எடுத்துப் பூட்டி வைத்திருந்தேன். மூன்றேகால் மணிக்கு இலை போட்டபோது பரிமாறிய பையன்களில் எட்டுப் பேர் ஏற்கெனவே வேனில் ஏறிப் போயிருந்தார்கள், மாலையில் அவர்களுக்கு வேறு மண்டபம். கவர் கிடைத்தது, சாப்பாடு கிடைக்கவில்லை. அடுத்து யாராவது செய்வதாக இருந்தால் பையன்களை இரண்டு மணிக்கே பாதிப் பாதியாக உட்கார வையுங்கள். மீதிப் பேருக்கு நானும் என் தங்கை மகனும் பரிமாறினோம். மாப்பிள்ளை பார்த்துவிட்டு, பட்டு வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு வந்து மோர் ஊற்றினார். அப்பளம் மட்டும் தீர்ந்துவிட்டது. மாஸ்டர் உட்கார மாட்டேன் என்று சொல்லிவிட்டுத் தூணில் சாய்ந்து நின்று, பந்தி விசாரிப்பதுபோலத் தன் ஆட்களைப் பார்த்துக்கொண்டிருந்தார். எல்லோரும் எழுந்த பிறகு எனக்கும் அவருக்கும் பக்கத்துப் பக்கத்தில் இலை போட்டுச் சாப்பிட்டோம். முன்பணம் போக 1,35,820 ரூபாயை அங்கேயே எண்ணிக் கொடுத்தேன். ஐந்து பெண்களின் கூலியையும் அவர் அந்தக் கட்டிலிருந்தே பிரித்து, அங்கேயே கொடுத்துவிட்டார். சனிக்கிழமை என்று சொல்லவில்லை.

ஒரு கவர் மட்டும் என்னிடம் தங்கிவிட்டது, பலகாரம் போட்டவருடையது. அவர் மண்டபத்துக்கே வரவில்லை. அல்வா முந்தின நாளே கல்லிடைக்குறிச்சியில் கிண்டி, தகர டின்களில் வந்து இறங்கியிருக்கிறது. எனக்கு அது இரவுதான் தெரிந்தது. மாஸ்டரிடம் கொடுத்தனுப்பலாம், இப்போது அவர் மேல் எனக்கு எந்தச் சந்தேகமும் இல்லை. "கொடுங்கள் அக்கா, சேர்த்துவிடுகிறேன்" என்றுதான் அவரும் சொன்னார். பிறகு என்ன நினைத்தாரோ, ஒரு காகிதத்தில் தெருவையும் வீட்டு அடையாளத்தையும் அவரே எழுதிக் கொடுத்து, "நீங்கள் போனால் அவர் சந்தோஷப்படுவார். அல்வா சாப்பிட்ட வீட்டுக்காரர் யாரையும் அவர் பார்த்ததே இல்லை" என்றார்.

வியாழக்கிழமை அவர் வீட்டில் இருப்பாராம். பாபநாசம் பேருந்தில் ஏறினால் வழியில் இறங்கிக்கொள்ளலாம். கவரோடு மறுவீட்டு முறுக்கும் கொஞ்சம் எடுத்து வைத்திருக்கிறேன்.